ஃப்ளோரியான் ஃப்ரிக்கே: ஹெர்சாக்கின் இசையமைப்பாளர், இரண்டு படங்களில் பியானோக்காரர்

பழையரீல்

ஜெர்மன் இயக்குநர் வெர்னர் ஹெர்சாக் படங்களைப் பற்றி இந்த மன்றத்தில் நிறையப் பேசியாயிற்று, அவர் படங்களில் நடித்த கின்ஸ்கியைப் பற்றி அதைவிட நிறைய. படம் முடிந்த பிறகும் காதை விட்டுப் போகாத அந்த இசையைத் தந்தவருக்கு மட்டும் ஓர் இழைகூட இல்லை. அதனால் நானே தொடங்குகிறேன், கொஞ்சம் நீளமாகத்தான் இருக்கும்.

ஃப்ளோரியான் ஃப்ரிக்கே 1944இல் ஜெர்மனியின் தெற்கு ஓரத்தில், போடன் ஏரிக்கரையில் இருக்கும் லின்டாவ் ஊரில் பிறந்தவர். அடிப்படையில் பியானோ படித்தவர். ஃப்ரைபுர்க்கிலும் மியூனிக்கிலும் இசைப் படிப்பு, ருடால்ஃப் ஹிண்டமித்திடம் தனியாகப் பாடம் (பெரிய பெயரான பால் ஹிண்டமித்தின் தம்பி). அப்புறம் பத்திரிகைகளுக்கு விமர்சனம் எழுதினார். 1960களின் கடைசியில் போபோல் வூ குழுவைத் தொடங்கினார். குவாதமாலாவின் மாயா மக்களுடைய புனித நூலின் பெயர் அது. அந்தக் குழுவில் ஆட்கள் வந்தார்கள், போனார்கள், கடைசி வரை இருந்தது ஃப்ரிக்கே மட்டும். 1972இல் ‘அகீர்ரே’ படத்தில் தொடங்கி 1987இல் ‘கோப்ரா வெர்டே’ படம் வரை ஹெர்சாக்குக்குத் தொடர்ந்து இசை தந்தார். 2001 டிசம்பர் 29 அன்று மியூனிக்கில் பக்கவாதத்தால் இறந்தபோது வயது 57.

சரி, நான் சொல்ல வருவது என்னவென்றால், இவரை ‘எலக்ட்ரானிக் இசை முன்னோடி’ என்ற பெட்டியில் போட்டு மூடிவிட்டார்கள். எந்தப் பட்டியலைப் பார்த்தாலும் டாஞ்சரின் ட்ரீம், க்ளாஸ் ஷுல்ட்ஸ, அடுத்து இவர். ஆனால் ஹெர்சாக் இவரை இரண்டு படங்களில் நடிக்க வைத்தார், இரண்டிலும் பியானோ வாசிப்பவராக. முதலாவது 1968இல் வந்த ‘லேபென்ஸ்ட்ஸைஷன்’, அதாவது ஹெர்சாக்கின் முதல் முழுநீளப் படம். அந்தப் படத்துக்கு இசை ஸ்தாவ்ரோஸ் ஸர்ஹாகோஸ் என்ற கிரேக்கர். ஃப்ரிக்கே அதில் இசையமைப்பாளர் இல்லை, கேமரா முன்னால் உட்கார்ந்து ஷோப்பான் வாசிக்கிற ஆள். அதாவது ஹெர்சாக் படத்துக்குள் அவர் முதலில் நுழைந்தது நடிகராக. இசை பின்னால்தான் வந்தது. இந்த வரிசையை யாரும் கவனிப்பதில்லை, எனக்கு இதுதான் முக்கியமாகப் படுகிறது.

மெட்டுப்பிரியன்

நல்ல இழை. ஆனால் ‘நடித்தார்’ என்று சொல்வது கொஞ்சம் அதிகம் என்று நினைக்கிறேன். இரண்டு சின்ன வேடங்கள், இரண்டிலும் அவருக்குத் தெரிந்த வேலையையே செய்கிறார். இந்தக் கணக்கில் பார்த்தால் ஹாலிவுட் இசையமைப்பாளர் ஹான்ஸ் ஸிம்மர்கூட நடிகர்தான். 1979இல் பக்ள்ஸ் குழுவின் அந்தப் புகழ்பெற்ற பாடல் வீடியோவில் கீபோர்டு முன்னால் கறுப்புச் சட்டையில் நிற்பார், 1981இல் எம்டிவி தன் ஒளிபரப்பைத் தொடங்கியதே அந்த வீடியோவை வைத்துத்தான். அதற்காக அவருடைய படங்களின் இசையை அந்த வீடியோவை வைத்து யாராவது விளக்குவார்களா?

பழையரீல்

மெட்டுப்பிரியன், ஸிம்மர் அங்கே குழுவோடு ஒருவராக நிற்கிறார், காட்சியில் அவருக்கென்று எதுவும் நடப்பதில்லை. ஃப்ரிக்கே விஷயம் வேறு. 1974இல் வந்த ‘காஸ்பார் ஹௌசர்’ படத்தைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். 1828இல் ந்யூரன்பெர்க் சதுக்கத்தில் பேச்சு வராமல், நடக்கத் தெரியாமல் ஒருவன் நின்றான், அதுவரை ஓர் இருட்டறையில் அடைபட்டுக் கிடந்தவன் என்று சொல்லப்பட்டவன், அவனுடைய கதை. ஆசிரியர் டௌமர் அவனைத் தன் வீட்டில் வைத்துக்கொண்டு பேசக் கற்றுக்கொடுக்கிறார். அந்த வீட்டில் ஒரு காட்சி. பார்வையற்ற ஒருவர் பியானோ வாசிக்கிறார். அதுதான் ஃப்ரிக்கே, படத்திலும் அவர் பெயர் ஃப்ளோரியான்தான். காஸ்பார் பக்கத்தில் உட்கார்ந்து கேட்கிறான். முகத்தில் பெரிய உணர்ச்சி எதுவும் காட்டுவதில்லை. இந்த இசை நெஞ்சுக்குள் பலமாக இருக்கிறது என்பது போல ஒன்றைச் சொல்கிறான், எதிர்பாராமல் தனக்கு வயதாகிவிட்டது போல உணர்கிறேன் என்கிறான். மூச்சு விடுவது போல என்னால் ஏன் பியானோ வாசிக்க முடியவில்லை என்றும் கேட்கிறான்.

இசை என்றால் என்னவென்றே தெரியாமல் வளர்ந்த ஒருவன்மேல் அது முதல்முறை வந்து மோதினால் என்ன ஆகும்? படத்தில் அந்தக் கேள்வியைத் தாங்கி நிற்கிறது அந்த ஒரு காட்சிதான். அதற்கு ஹெர்சாக் ஒரு நடிகரைக் கூப்பிட்டு விரலை மட்டும் வேறொருவர் விரலாகக் காட்டியிருக்கலாம். அப்படிச் செய்யவில்லை. பியானோ முன்னால் இருப்பது தன் படங்களுக்கு இசை தருகிற அதே மனிதர். கேட்கிறவனாக நடிக்கிற ப்ரூனோ எஸ்ஸும் இசைக்காரர்தான், பெர்லின் குடியிருப்புகளின் முற்றங்களில் அக்கார்டியன் வாசித்துப் பாடியவர், சிறுவயதில் விடுதிகளிலும் மனநலக் காப்பகங்களிலும் வளர்ந்தவர். ஆக அந்தச் சட்டகத்தில் இருக்கிற இருவரும் தொழில்முறை நடிகர்கள் கிடையாது, இருவருமே வாத்தியம் தெரிந்தவர்கள். ஒருவர் வாசிக்கிறார், ஒருவர் கேட்கிறார், அவ்வளவுதான் காட்சி. இதை நடிப்பு என்று சொல்லலாமா வேண்டாமா என்பது எனக்கு இரண்டாம்பட்சம். படத்துக்கு அது இல்லாமல் முடியாது.

நள்ளிரவுக்காட்சி

காஸ்பார் காட்சி பற்றிச் சொன்னது முழுக்கச் சரி. கான் விழாவில் 1975இல் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசு வாங்கிய படம் அது, ஆனாலும் அந்தக் காட்சியைப் பற்றி எழுதுகிறவர்கள் குறைவு.

எனக்கு ‘அகீர்ரே’ பற்றிப் பேச வேண்டும். அந்தத் தொடக்கக் காட்சியை முதல்முறை ஒரு திரைப்படச் சங்கத் திரையிடலில் பார்த்தேன், அரங்கில் ஒருவர்கூட அசையவில்லை. ஆண்டிஸ் மலையின் செங்குத்தான சரிவில் மேகத்துக்குள்ளிருந்து ஓர் எறும்பு வரிசை இறங்குகிறது. கொஞ்சம் கொஞ்சமாகப் பக்கத்தில் வரும்போதுதான் தெரிகிறது, இரும்புக் கவசம் போட்ட ஸ்பானிய வீரர்கள், சங்கிலியில் கட்டப்பட்ட பூர்வகுடிகள், பல்லக்கு, பீரங்கி, பன்றி, கோழிக்கூடு எல்லாம். இத்தனை கூட்டம் இறங்கும்போது வேறு எந்த இயக்குநராக இருந்தாலும் முரசு போட்டிருப்பார். இங்கே முரசு கிடையாது. ஒரு கூட்டுக்குரல் மாதிரி ஒன்று, மனிதக் குரலா வாத்தியமா என்று பிடிபடாத ஒன்று, மெதுவாக ஏறி இறங்குகிறது. தங்க நகரத்தைத் தேடிப் போகிறவர்கள் எல்லோரும் செத்துப்போகப் போகிறார்கள் என்பது அந்த முதல் நிமிடத்திலேயே தெரிந்துவிடுகிறது.

அது மூக் சின்தசைசர்தானே, மின்சாரத்தால் ஒலியை உருவாக்குகிற அந்த வாத்தியம்? பழையரீல் சொல்வதற்கு நேர்மாறாக, அவருடைய மிகப் பெரிய சாதனை எலக்ட்ரானிக் இசையில்தானே இருக்கிறது?

ஒலிக்கூடம்

ஒலிப்பதிவுத் துறையில் இருப்பவன் என்ற முறையில் இதில் கொஞ்சம் விளக்கம் சொல்கிறேன், ஏனென்றால் இந்த ‘மூக்’ விஷயம் எல்லா இடத்திலும் தப்பாகவே ஓடிக்கொண்டிருக்கிறது.

ஃப்ரிக்கேயிடம் இருந்தது மூக் மூன்றாம் மாடல். ஒரு சுவரில் பாதியை அடைக்கிற மரப்பெட்டிகள், நூற்றுக்கணக்கில் திருகுகள், பெட்டிக்குப் பெட்டி இணைக்கிற வயர்கள். ஜெர்மனியில் அந்தக் காலத்தில் அப்படி ஒன்றைச் சொந்தமாக வைத்திருந்தவர்கள் மிகச் சிலர். அதில் ஒரே நேரத்தில் ஒரு சுரம்தான் வரும். மூன்று சுரம் சேர்ந்து ஒலிக்க வேண்டுமென்றால் டேப்பில் ஒன்றன்மேல் ஒன்றாகப் பதிய வேண்டும். நேற்று வைத்த ஒலியை இன்று திரும்பக் கொண்டுவர நினைவகம் எதுவும் கிடையாது, எந்த வயர் எங்கே, எந்தத் திருகு எவ்வளவு என்று தாளில் எழுதி வைத்துக்கொண்டு மறுபடி எல்லாவற்றையும் செருக வேண்டும். அறையில் சூடு ஏறினால் சுருதி நகர்ந்துவிடும். 1970இல் வந்த முதல் ஆல்பம் ‘அஃபென்ஷ்டுண்ட’வும் அடுத்த வருடம் வந்த ‘இன் டென் கேர்டன் ஃபாராவோஸ்’ ஆல்பத்தின் முதல் பக்கமும் இப்படி உருவானவை. டாஞ்சரின் ட்ரீமின் ‘ட்ஸைட்’ ஆல்பத்தில் ஃப்ரிக்கே விருந்தினராக வாசித்ததும் இந்த மூக்கைத்தான்.

ஆனால் ‘அகீர்ரே’யின் அந்தக் கூட்டுக்குரல் வேறு. அதை ஹெர்சாக் ‘கோரஸ் ஆர்கன்’ என்று சொல்வார். உள்ளே மனிதக் குரல்களைப் பதிவு செய்த டேப்புகள் பல, வட்டமாக ஒட்டப்பட்டு இணையாக ஓடிக்கொண்டே இருக்கும், கட்டையை அழுத்தினால் அந்த டேப்பின் குரல் வெளியே வரும். மெல்லோட்ரான் என்று பலர் எழுதுகிறார்கள். மெல்லோட்ரானிலும் டேப்தான், ஆனால் அது நீளத் துண்டு, சுமார் 8 விநாடியில் தீர்ந்துவிடும், விரலை எடுத்து மறுபடி அழுத்த வேண்டும். வட்டமாக ஓடும் டேப்புக்கு முடிவு கிடையாது, வேண்டிய மட்டும் பிடித்துக்கொண்டே இருக்கலாம். ‘அகீர்ரே’ இசையில் மூச்சு வாங்காமல் குரல் நீண்டுகொண்டே போவதன் காரணம் இதுதான் என்பது என் கணிப்பு. மனிதர் பாடினால் எங்காவது மூச்சு வாங்கியாக வேண்டும். இங்கே மனிதக் குரலேதான், ஆனால் மூச்சு வாங்குவதே இல்லை. அதில்தான் அந்த பயம் இருக்கிறது.

பழையரீல்

ஒலிக்கூடம் அண்ணா, இதைவிடத் தெளிவாக யாரும் சொல்லிக் கேட்டதில்லை, நன்றி.

நள்ளிரவுக்காட்சி, இதில் உங்களுக்குப் பதிலும் வந்துவிட்டது. அது கட்டை வாத்தியம், உள்ளே இருப்பது மனிதக் குரல். அதே 1972இல் ஃப்ரிக்கே ‘ஹோஸியானா மந்த்ரா’ ஆல்பத்தைச் செய்கிறார், அதில் மூக்கே கிடையாது. பியானோ, ஹார்ப்சிகார்டு, ராபர்ட் எலிஸ்கூவின் ஓபோ, கோனி ஃபைட்டின் கிட்டார், தம்பூரா, மேலே ட்ஜோங் யுன்னின் சோப்ரானோ குரல். இந்த ட்ஜோங் யுன் கொரிய இசையமைப்பாளர் இசாங் யுன்னின் மகள். ஜெர்மனியில் எல்லோரும் சின்தசைசர் வாங்க அலைந்துகொண்டிருந்த நேரத்தில், கையில் ஏற்கெனவே வைத்திருந்தவர் அதை ஓரமாக வைத்துவிட்டுப் பியானோவுக்குத் திரும்புகிறார். பின்னால் அந்த மூக்கை க்ளாஸ் ஷுல்ட்ஸ வாங்கிக்கொண்டார். ஃப்ரிக்கே 1991 வாக்கில் மொஸார்ட்டைத் தனியாக வாசித்து ஓர் ஆல்பமே போட்டார். மூக் அவர் வாழ்க்கையில் இரண்டு மூன்று வருடக் கதைதான், பியானோ முழு வாழ்க்கை.

மெட்டுப்பிரியன்

ஓரமாக வைத்தார் என்று அவ்வளவு சுத்தமாகச் சொல்லிவிட முடியாது. 1979இல் ஹெர்சாக்கின் ரத்தக்காட்டேரிப் படம் ‘நோஸ்ஃபெராட்டு’ வந்தபோது இசை இரண்டு ஆல்பமாக வெளியானது. ஒன்று 1978இலேயே வந்த ‘ப்ரூடர் டெஸ் ஷாட்டென்ஸ்’, இன்னொன்றில் பழைய டேப்புகளிலிருந்து எடுத்த மூக் துண்டுகள் இருக்கின்றன. படத்தில் பயம் வேண்டிய இடத்தில் பியானோ உதவவில்லை, பழைய மூக் டேப்பைத்தான் தேடி எடுக்க வேண்டியிருந்தது. அதுவும் அவருடைய ஒரு பாதிதான், அதைச் சின்னதாக்க வேண்டாம்.

அந்தப் படத்தின் தொடக்கத்தை மட்டும் சொல்லிவிடுகிறேன். மெக்சிகோவின் குவானாஹுவாட்டோவில் இருக்கும் நிஜமான மம்மி உடல்கள், வாய் திறந்தபடி, கேமரா ஒவ்வொன்றாகத் தடவிக்கொண்டு போகிறது. ஆண் குரல்கள் மிகத் தாழ்வாக, இரண்டே சுரங்களுக்கு நடுவில் ஆடிக்கொண்டிருக்கின்றன. ஒரு மந்திரம் ஓதுவது போலத்தான் இருக்கும், ஆனால் ஆறுதல் தராத மந்திரம். இதை எழுதியவர் ‘ஹோஸியானா மந்த்ரா’வையும் எழுதினார் என்பதே எனக்கு வியப்பு.

பழையரீல்

ஒப்புக்கொள்கிறேன், ‘நோஸ்ஃபெராட்டு’வில் மூக் தேவைப்பட்டது உண்மை. இருந்தாலும் நீங்களே சொன்ன அந்தத் தொடக்கம் ஆண் குரல்களால் ஆனது. முதன்மையான இடம் எது வந்தாலும் அவர் கை குரலுக்கோ கட்டைக்கோதான் போகிறது.

ஆல்ஸ்கரை

வணக்கம், நான் கன காலமாகப் பவேரியாவில் இருக்கிறவன். இங்கே வாசித்துக்கொண்டு மட்டும் இருந்தேன், இந்த இழையைப் பார்த்த பிறகு எழுதாமல் இருக்க ஏலவில்லை.

‘இன் டென் கேர்டன் ஃபாராவோஸ்’ இரண்டாம் பக்கம் முழுக்க ‘வூ’ என்று ஒரே இசை, கிட்டத்தட்ட 20 நிமிடம். அதில் கேட்கிற ஆர்கன் பவும்புர்க் தேவாலயத்து ஆர்கன். நான் இருக்கிற ஊரிலிருந்து பஸ்ஸில் போகலாம். ஆல்ஸ் ஆற்றுக்கு மேலே ஒரு மேட்டில் இருக்கிற பழைய மடம், இரண்டு கோபுரம் தூரத்திலேயே தெரியும். உள்ளே ரொக்கோக்கோ வேலைப்பாடு, வெள்ளைச் சுவர், கூரை முழுக்க ஓவியம், வடிவான இடம். அங்கே போய் நின்ற பிறகு அந்த ஆல்பத்தை வேறு மாதிரிக் கேட்கத் தொடங்கினேன். ஒரு சுரத்தைப் பிடித்துவிட்டு விட்டால் அது கல்லில் பட்டு நிதானமாகத் திரும்பி வரும், அதற்குப் பிறகுதான் அடுத்தது. ஃப்ரிக்கே ‘வூ’வில் ஒரு கொத்துச் சுரத்தை அப்படியே வைத்துக்கொண்டிருப்பார், மேலே ஹோல்கர் ட்ரூல்ஷின் தட்டு வாத்தியங்கள் அலை மாதிரி வந்து விழும். அவசரமே இல்லை. ஒலிக்கூடம் அண்ணை சொன்ன முடிவில்லாத கோரஸ் ஆர்கனுக்கு முந்தின வருடமே அவர் ஒரு நிஜத் தேவாலயத்தில் அதே வேலையைச் செய்து பார்த்திருக்கிறார். எலக்ட்ரானிக் இசை என்று விற்கப்பட்ட ஆல்பத்தின் பாதி தேவாலய ஆர்கன்தான், இதை யாரும் பெரிதாகச் சொல்லுவதில்லை.

தேன்கூடு

இவ்வளவும் படித்துவிட்டு ஓர் அடிப்படைக் கேள்வி. ஃப்ரிக்கே உண்மையில் திரைப்பட இசையமைப்பாளரா? திரைப்பட இசை என்றால் காட்சியைப் பார்த்து, எங்கே தொடங்க வேண்டும் எங்கே நிற்க வேண்டும் என்று விநாடிக் கணக்குப் போட்டு எழுதுவது. இவர் ஆல்பம் போட்டார், ஹெர்சாக் அதிலிருந்து எடுத்து வைத்துக்கொண்டார். ‘ஃபிட்ஸ்கரால்டோ’ 1982இல் வருகிறது. அதன் தொடக்கத்தில் மேகத்துக்குக் கீழே காடு தெரியும்போது வருகிற ‘வேஹே கொராஸின்’ 1981இலேயே ஆல்பத்தில் வெளிவந்துவிட்டது. மலைமேல் கப்பலை இழுக்கிற படத்துக்காக எழுதிய இசை கிடையாது அது. ‘காஸ்பார் ஹௌசர்’ படத்திலேயே நமக்கு நினைவில் நிற்கிற இசை பாகெல்பெல்லும் மொஸார்ட்டும். ‘நோஸ்ஃபெராட்டு’வில் ஜொனாதன் மலைப்பாதையில் போகும்போது உச்சத்தில் வருவது வாக்னரின் ‘ரைன்கோல்ட்’ ஓபரா இசை. அப்படியானால் ஹெர்சாக்கின் ரசனைக்குத்தான் பாதிப் புகழ் போக வேண்டும், இல்லையா?

நள்ளிரவுக்காட்சி

தேன்கூடு, இந்தக் கேள்விக்கு என் பதில் ஹெர்சாக்கின் ‘வூட்கார்வர் ஸ்டைனர்’ என்ற 1974 ஆவணப்படம். மரச்சிற்பம் செதுக்குகிற சுவிட்சர்லாந்துக்காரர் வால்டர் ஸ்டைனர், பனிச்சறுக்குப் பாய்ச்சலில் உலகச் சாதனையாளர். ப்லானிட்சா மலையில் அவர் பாய்வதைச் சிறப்புக் கேமராவில் மிக மெதுவாகக் காட்டுகிறார்கள். மனிதர் காற்றில் உடலை முன்னே சாய்த்து, வாய் திறந்து, பறக்கிறார், தரை வரவே மாட்டேன் என்கிறது. கீழே போபோல் வூ, டேனி ஃபிஷெல்ஷரின் கிட்டார் அடுக்கு அடுக்காக. காட்சிக்குப் பொருந்தும்படி விநாடி கணக்குப் பார்த்து எதுவும் நடக்கவில்லை. ஆனால் அந்த இசையை எடுத்துவிட்டால் மிச்சம் இருப்பது விளையாட்டுச் செய்தித் தொகுப்பு. இசையோடு பார்த்தால் விழுந்து செத்துவிடுவாரோ என்ற பயமும் விழாமலே போய்விடுவாரோ என்ற ஆசையும் சேர்ந்து வருகின்றன. படத்தைப் பார்க்காமல் எழுதியதாகவே இருக்கட்டும், ஒரே இயக்குநரோடு 15 வருடம் பழகி, அவர் எதைப் பார்த்துக்கொண்டிருக்கிறார் என்று தெரிந்து எழுதுவது திரைப்பட இசை கிடையாதா என்ன?

ஒலிக்கூடம்

படத்தொகுப்பு மேசைப் பக்கம் இருந்து ஒரு வார்த்தை. இசைக்கு ஏற்ப ஷாட்டின் நீளத்தை விட்டுக்கொடுக்கிற இயக்குநர்கள் மிகக் குறைவு. ‘அகீர்ரே’ தொடக்கத்தில் அந்த இறக்கம் எவ்வளவு நேரம் ஓடுகிறது என்று பாருங்கள், கதைக்கு அதில் கால்வாசி போதும். இசை கேட்கிற அளவுக்குக் காட்சி நிற்கிறது. இசை காட்சிக்குப் பின்னால் ஓடுவது ஒரு முறை, காட்சி இசைக்காகக் காத்திருப்பது இன்னொரு முறை.

கறுப்புவெள்ளை

ஜெர்மனி, இசையமைப்பாளர், நடிகர் என்று மூன்றும் சேர்ந்தால் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது பேர் ராபென். இவர் பெயர் இதுவரை வராதது எனக்கு உண்மையிலேயே வருத்தம்.

1940இல் பவேரியாவின் காட்டுப் பகுதியில் ஒரு சிற்றூரில் பிறந்தவர், இயற்பெயர் வில்ஹெல்ம் ராபென்பவுவர். 1960களின் கடைசியில் மியூனிக்கில் ஆக்‌ஷன் தியேட்டர் என்ற சின்ன நாடகக் குழுவில் இருந்தார், பின்னால் பெரிய இயக்குநரான ஃபாஸ்பிண்டர் அங்கேதான் வந்து சேர்கிறார். அது கலைந்தபோது இருவரும் மற்றவர்களும் சேர்ந்து ஆன்டிதியேட்டரைத் தொடங்கினார்கள். 1969இல் ஃபாஸ்பிண்டரின் முதல் முழுநீளப் படம் ‘லீபே இஸ்ட் கெல்டர் அல்ஸ் டேர் டோட்’ எடுத்தபோது ராபென் அதற்கு இசை செய்தார், தயாரிப்பைக் கவனித்தார், நடிக்கவும் செய்தார். பணம் இல்லாத குழுவில் எல்லோரும் எல்லா வேலையும் செய்தாக வேண்டும். 1972இல் ‘அடேலே ஷ்பிட்ஸெடர்’ என்று ஒரு படத்தை இயக்கினார்கூட, 19ஆம் நூற்றாண்டு மியூனிக்கில் வட்டி ஆசை காட்டி ஊரையே ஏமாற்றிய பெண்மணியின் கதை.

அப்புறம் ஃபாஸ்பிண்டரின் ‘மரியா ப்ரவுன்’, ‘லிலி மார்லீன்’, ‘லோலா’, ‘வெரோனிகா ஃபோஸ்’, ‘கேரெல்’, தொலைக்காட்சிக்காக எடுத்த ‘பெர்லின் அலெக்ஸாண்டர்ப்ளாட்ஸ்’ 13 பகுதியும் ஒரு பின்னுரையும். ‘கேரெல்’ படத்தில் ஜான் மோரோ பாடுகிற பாட்டு, வரிகள் ஆஸ்கார் வைல்டுடையவை, மெட்டு ராபெனுடையது. தேன்கூடு கேட்கிற அளவுகோலில் பார்த்தால் இவர்தான் நிஜமான திரைப்பட இசையமைப்பாளர். காட்சிக்குள் இறங்கி வேலை செய்தவர். நாடக மேடையில் நின்று பழகியவர் என்பதால் ஒரு வசனம் எங்கே மூச்சு விடும் என்று அவருக்குத் தெரியும்.

பழையரீல்

கறுப்புவெள்ளை, ராபெனைக் கொண்டுவந்ததற்கு நன்றி, நான் அவரை மறுக்கவே இல்லை. இருவரும் ஒரே மியூனிக்கில், ஒரே காலத்தில் இருந்தவர்கள் என்பதே பெரிய விஷயம். ஆனால் நடிப்பு இருவருக்கும் இரண்டு விதமாக வருகிறது என்று நினைக்கிறேன். ராபெனுக்கு நடிப்பு குழுவின் வேலைகளில் ஒன்று, கதாபாத்திரமாக நிற்கிறார். ஃப்ரிக்கே வேறு யாராகவும் மாறுவதில்லை, பியானோவோடு சேர்த்துத்தான் அவரைப் படத்துக்குள் கொண்டுவருகிறார்கள். பழைய தலைமுறையில் ஃப்ரீட்ரிஷ் ஹோலெண்டர் இருக்கிறார், ‘ப்ளூ ஏஞ்சல்’ பாடல்களை எழுதியவர், நாஜிகளுக்குத் தப்பி அமெரிக்கா போனவர். 1948இல் பில்லி வைல்டரின் ‘எ ஃபாரின் அஃபேர்’ படத்தில் மார்லீன் டீட்ரிஷ் பாடும்போது பக்கத்தில் பியானோ வாசிப்பது அவரேதான், பாடல்களும் அவருடையவை. தரைமட்டமான பெர்லினில் நடக்கிற கதை. அந்த ஊரை விட்டு அமெரிக்கா போன இருவர் அதே ஊரின் இரவு விடுதியாகப் போடப்பட்ட செட்டில் இருக்கிறார்கள், ஒருவர் பாட, ஒருவர் வாசிக்கிறார். அங்கேயும் அவர் ‘நடிக்கிறார்’ என்று சொல்வதா என்று தெரியவில்லை, ஆனால் வேறு யாரை உட்கார வைத்தாலும் அந்தக் காட்சிக்கு அந்தக் கனம் வராது. ஃப்ரிக்கே இந்த வரிசையில் வருகிறவர்.

கறுப்புவெள்ளை

ஹோலெண்டர் உதாரணம் எனக்குப் பிடித்தது. ஆனாலும் ராபெனை ‘குழுவின் வேலை’ என்று ஒரு வரியில் முடிப்பது நியாயம் கிடையாது. ‘மரியா ப்ரவுன்’ கடைசிப் பகுதியைக் கேளுங்கள். 1954 உலகக் கோப்பை இறுதி ஆட்டத்தின் வானொலி வர்ணனை முழுச் சத்தத்தில் ஓடுகிறது, அதன் நடுவில் ஒரு கல்யாணத்தின் கணக்குத் தீர்கிறது, அத்தனை இரைச்சலோடும் சேர்த்துக் கேட்க வேண்டிய படம் அது. வசனம், வானொலி, தெருச் சத்தம் எல்லாம் ஒன்றின்மேல் ஒன்று ஏறிக் கிடக்கிற படங்களில் இசை எங்கே இருக்க வேண்டும், எங்கே ஒதுங்க வேண்டும் என்று முடிவு செய்வது ஆல்பத்திலிருந்து எடுத்து வைக்கிற வேலை ஆகாது. ஹாங்காங் இயக்குநர் வோங் கார் வாய் 2004இல் ‘2046’க்கும் ‘தி ஹேண்ட்’ குறும்படத்துக்கும் இவரிடம் போனதற்குக் காரணம் இல்லாமலா?

சிவநேசம்

நான் சினிமா அதிகம் பார்க்கிறவள் இல்லை, ஹெர்சாக் படம் ஒன்றுகூடப் பார்த்ததில்லை. ஃப்ரிக்கே பெயரை வேறு வழியில் அறிந்தேன். கயிலாய யாத்திரை பற்றித் தேடிக்கொண்டிருந்தபோது ‘கைலாஷ்’ என்ற படம் கிடைத்தது. 1990களில் அவரும் குழுவின் பழைய நண்பர் ஃப்ராங்க் ஃபீட்லரும் சேர்ந்து செய்தது, வெகுநாள் கழித்து 2015இல் இசையோடு வெளியிட்டார்கள். காரைக்கால் அம்மையார் தலையால் நடந்த மலை என்று கேட்டு வளர்ந்தவர்களுக்கு அந்தப் படம் எப்படி இருக்கும் என்று நான் சொல்லத் தேவையில்லை. திபெத்திய யாத்ரிகர்கள் தரையில் முழு உடலும் பட விழுந்து எழுந்து சுற்றுகிறார்கள். சுற்றுப்பாதை 52 கிலோமீட்டர். இசை அவர்களைத் தாண்டி ஓடவில்லை, அவர்கள் வேகத்திலேயே போகிறது. வெளிநாட்டவர் எடுத்த கயிலாயப் படங்களில் வழக்கமாக வருகிற பூதாகரமான சங்கு, மணி எதுவும் இல்லை. அவர் நம் இசையையும் கிறிஸ்தவ ஜெபத்தையும் கலந்தவர் என்று பிறகுதான் படித்தேன். கலப்படம் என்று எனக்குத் தோன்றவில்லை, மரியாதை தெரிகிறது.

பழையரீல்

சிவநேசம் அக்கா, இதை எழுதியதற்கு மிகவும் நன்றி. நாங்கள் எல்லோரும் ‘கோப்ரா வெர்டே’யோடு அவர் கதையை முடித்துவிடுகிறோம். அதற்குப் பிறகு 14 வருடம் இருந்தார். ‘சிட்டி ராகா’ மாதிரி நடனத் தாளத்தோடு சில ஆல்பங்கள் வந்தன, எனக்கு அவற்றில் ஒட்டவில்லை, வெளிப்படையாகச் சொல்கிறேன். மூச்சுப் பயிற்சி, குரல் பயிற்சி என்று வேறு வேலைகளிலும் இறங்கினார். காஸ்பார் காட்சியில் மூச்சையும் பியானோவையும் சேர்த்து வருகிற அந்தக் கேள்வியை நினைத்துக்கொண்டு பார்த்தால் அந்தப் பிற்காலம் திடீரென்று வந்ததாகத் தெரியவில்லை.

தேன்கூடு

என் கேள்விக்குக் கிடைத்த பதில்களில் ஒலிக்கூடம் சொன்னதுதான் என்னை யோசிக்க வைத்தது. ஆனாலும் ஹெர்சாக்கின் தேர்வுக்கு உரிய பங்கைக் கொடுத்தே ஆக வேண்டும் என்பதில் மாறவில்லை. சரி, புதிதாகக் கேட்பவர் எங்கே தொடங்கலாம்? என் தம்பிக்கு அனுப்ப வேண்டும்.

பழையரீல்

‘அகீர்ரே’யின் முதல் பத்து நிமிடம், ஹெட்போனில், இரவில். அடுத்து ‘ஹோஸியானா மந்த்ரா’ முழுவதும், இடையில் நிறுத்தாமல். அப்புறம் ஸ்டைனர் ஆவணப்படம், முக்கால் மணி நேரம்தான். ‘காஸ்பார் ஹௌசர்’ கடைசியில். அந்தக் காட்சி வரும்போது பியானோ முன்னால் இருப்பவர் யார் என்று தெரிந்து பார்க்கட்டும். ஆல்பத்தில் தொடங்க வேண்டுமென்றால் ‘அஃபென்ஷ்டுண்ட’ வேண்டாம், பழக்கம் வந்த பிறகு கேட்கலாம்.

ஆல்ஸ்கரை

தம்பிக்கு ‘வூ’வையும் சேர்த்து அனுப்புங்கோ. நல்ல ஸ்பீக்கரில், ஹெட்போன் வேண்டாம், அறையே அதிர வேணும்.

கறுப்புவெள்ளை

ராபெனுக்குத் தனி இழை இன்று இரவு தொடங்குகிறேன், ‘பெர்லின் அலெக்ஸாண்டர்ப்ளாட்ஸ்’ பின்னுரையிலிருந்து. ஒலிக்கூடம் அண்ணா, அங்கே கட்டாயம் வாருங்கள். அந்தப் பகுதியில் ஒன்றின்மேல் ஒன்றாகப் போட்டிருக்கிற பாட்டுகளைப் பிரித்துக் கேட்க எனக்கு ஒரு பழகிய காது வேண்டும்.